ஒருதலையாய் வந்த ஜீவனாம்ச உத்தரவு: மூன்று மாதக் கதவு



ஒவ்வொரு மலரிலும் இலக்கியம், கல்வெட்டு என்று ஏதாவது எழுதுவது என் வழக்கம். இந்த முறை குடும்ப நீதிமன்றத்தைப் பற்றி எழுதுகிறேன். நான் வக்கீல் அல்ல. வந்தவாசிப் பக்கத்து நயினார் குடும்பத்தில் பிறந்து, இருபது வயதில் பெங்களூர் வந்து, பாத்திரக் கடையில் உட்கார்ந்தபடியே புத்தகம் படித்தவன். சட்டப் புத்தகத்தையும் அப்படித்தான் படித்தேன். அதைப் படிக்க வேண்டிய அவசியம் எப்படி வந்தது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

சாமி படத்துக்குப் பின்னால் இருந்த தாள்

2025 ஏப்ரல் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, எனக்கு நெடுநாள் பழக்கமான ஒரு குடும்பத்துப் பையன் கடைக்கு வந்தான். பையன் என்று சொன்னாலும் வயது முப்பத்தைந்து இருக்கும். அவன் கல்யாணத்துக்கு நான் முன்வரிசையில் உட்கார்ந்து மொய் எழுதியவன். ஒரு பெண் குழந்தை உண்டு. இரண்டு வருஷமாக மனைவி தாய் வீட்டில் இருக்கிறாள் என்பது மட்டும் எனக்குத் தெரியும்.

கையில் கன்னடத்தில் அச்சடித்த ஒரு தாள். "பெரியப்பா, இது என்னன்னு கொஞ்சம் பாருங்க"ன்னு நீட்டினான். பார்த்தேன். மனைவிக்கு மாதம் 8,000, குழந்தைக்கு மாதம் 5,000 ஜீவனாம்சம் தரச் சொல்லி உத்தரவாகியிருக்கிறது. தராததால் நிலுவையை வசூலிக்க மனைவி மனுப் போட்டிருக்கிறாள். அதற்கான நோட்டீஸ் அது. ஜீவனாம்சம் என்ற சொல் கன்னடத்திலும் அதேதான். அந்த ஒரு சொல்லை எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டுத்தான் அவன் பதறிப்போய் வந்திருந்தான்.

"கேஸ் போட்டதே எனக்குத் தெரியாது பெரியப்பா" என்றான். அவன் கோயம்புத்தூரில் ஒரு பம்ப் கம்பெனியில் வேலை பார்க்கிறான், மாதம் ஒருமுறைதான் வருவான். நான் அவன் வீட்டுக்குப் போய் அவன் அம்மாவைக் கேட்டேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, அந்த அம்மா எழுந்து போய்ச் சாமி படத்துக்குப் பின்னாலிருந்து மடித்து வைத்த ஒரு காகிதத்தை எடுத்து வந்தார். 2024 அக்டோபரில் அமீனா கொண்டு வந்து கையெழுத்து வாங்கிக்கொண்டு கொடுத்த சம்மன். "புள்ள மனசு கஷ்டப்படுவானேன்னு சொல்லல. கன்னடத்துல இருந்துச்சு, எனக்கும் புரியல" என்றார்.

யாரைக் குறை சொல்வது? வழக்குப் போட்ட பெண்ணிடம் தப்பில்லை. சம்மனைக் கொண்டு வந்து சேர்த்த நீதிமன்றத்திடமும் தப்பில்லை. ஆனால் ஒரு பக்கத்துக் கணக்கை மட்டும் வைத்துப் பேரேடு முடிந்துவிட்டது. இப்படி நம் தமிழ்க் குடும்பங்களில் நடப்பதை அதற்குப் பிறகு நான் இன்னும் இரண்டு இடத்தில் கேள்விப்பட்டேன். அதனால்தான் இந்தக் கட்டுரை.

சட்டம் வந்த வழி

மனைவி, பிள்ளை ஆகியோரைக் காப்பாற்றும் வசதி இருந்தும் காப்பாற்றாதவனிடம் மாதாமாதம் பணம் வாங்கித் தரும் சட்டம் வெள்ளைக்காரன் காலத்திலிருந்தே உண்டு. 1898ஆம் வருஷத்துக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 488ஆம் பிரிவு. 1973இல் வந்த சட்டத்தில் 125ஆம் பிரிவானது. அப்போது மாதம் 500 ரூபாய்க்கு மேல் தர முடியாது என்று உச்சவரம்பு வைத்திருந்தார்கள். 2001இல் ஒரு திருத்தத்தின் மூலம் அந்த வரம்பை எடுத்துவிட்டார்கள். 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதுச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. பழைய 125 இப்போது 144. பழைய 126 இப்போது 145. 127 என்பது 146. 128 என்பது 147. அந்தத் தேதிக்கு முன்பே நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய சட்டப்படியே நடக்கும். எனவே உங்கள் தாளில் 125 என்று இருந்தாலும் 144 என்று இருந்தாலும் குழம்ப வேண்டாம். விஷயம் ஒன்றுதான்.

இது எல்லா மதத்தாருக்கும் பொதுவான சட்டம். விவாகரத்தான முஸ்லிம் பெண்ணுக்கும் இது பொருந்தும் என்று 1985இல் ஷா பானு வழக்கிலும், மறுபடி 2024 ஜூலையிலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

பெங்களூரில் இந்த வழக்குகளை விசாரிப்பது, 1984ஆம் வருஷத்துக் குடும்ப நீதிமன்றச் சட்டப்படி அமைந்த குடும்ப நீதிமன்றம். எச். சித்தையா ரோட்டில் 'நியாய தேகுலா' என்ற கட்டடத்தில் இருக்கிறது. நம் மொழியில் சொன்னால் நீதியின் கோயில்.

எக்ஸ்பார்ட்டி என்றால் என்ன?

எதிர்த்தரப்பு வராத நிலையில், வந்தவர் சொன்னதையும் கொடுத்த சாட்சியத்தையும் வைத்துத் தரும் உத்தரவையே ஒருதலை உத்தரவு, கோர்ட்டுப் பேச்சில் எக்ஸ்பார்ட்டி உத்தரவு என்கிறோம். வராவிட்டால் உடனே தோல்வி என்று அர்த்தமில்லை. சம்மனை வாங்காமல் வேண்டுமென்றே தப்புகிறார், அல்லது தெரிந்தும் வேண்டுமென்றே கோர்ட்டுக்கு வராமல் இருக்கிறார் என்று நீதிபதிக்குத் திருப்தி ஏற்பட வேண்டும். அதன் பிறகுதான் ஒருதலையாக விசாரிக்கலாம் என்பது சட்டம். வக்கீல் வைத்து ஒருமுறை ஆஜராகிவிட்டு, பிறகு வாய்தாவுக்கு வாய்தா வராமல் இருந்தாலும் இதே கதிதான்.

இங்கே நம் வீட்டுப் பெரியவர்கள் கவனிக்க வேண்டிய ஒரு மாற்றம் இருக்கிறது. சம்மன் வாங்க வேண்டியவர் வீட்டில் இல்லையென்றால், குடும்பத்தில் வயது வந்த ஆணிடம்தான் கொடுக்கலாம் என்று பழைய சட்டம் சொன்னது. புதுச் சட்டம் 'வயது வந்த ஆண்' என்பதை எடுத்துவிட்டு, வயது வந்த எந்தக் குடும்ப உறுப்பினரிடமும் கொடுக்கலாம் என்று மாற்றியிருக்கிறது. ஆக, அம்மாவோ அக்காவோ கையெழுத்துப் போட்டு வாங்கினால் அது சேர்ப்பித்ததாகவே கணக்கு. மின்னணு வழியில் சம்மன் அனுப்பவும் இப்போது இடம் உண்டு. "எங்கம்மாதான் வாங்கினாங்க, என் கைக்கு வரல" என்ற பேச்சு முன்பு போல எடுபடாது.

முதலில் எந்தச் சட்டத்தின் உத்தரவு என்று பாருங்கள்

ஜீவனாம்சம் என்று ஒரே பெயர் இருந்தாலும் வாசல்கள் மூன்று. எந்த வாசலில் வந்த உத்தரவோ, அந்த வாசல் வழியாகத்தான் திரும்பிப் போய்ச் சரி செய்ய முடியும். உத்தரவின் தலைப்பில் வழக்கு எண்ணும் பிரிவு எண்ணும் இருக்கும். அதைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

ஒன்று, மேலே சொன்ன 125 அல்லது 144ஆம் பிரிவு. இதில் ஒருதலை உத்தரவை நீக்கக் கேட்பதற்கு உத்தரவு தேதியிலிருந்து மூன்று மாதம். 1898 சட்டத்தில் இருந்த அதே மூன்று மாதம்தான் இன்றும்.

இரண்டு, இந்து திருமணச் சட்டம். ஜைனர்களாகிய எங்களுக்கும் இதுவே சட்டம். விவாகரத்து வழக்கோடு சேர்த்து நிரந்தர ஜீவனாம்சமும் ஒருதலையாகத் தீர்ப்பாகியிருந்தால், அது சிவில் தீர்ப்பு. அதை நீக்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் கட்டளை 13ஆம் விதிப்படி மனுப் போட வேண்டும். காலக்கெடு 30 நாள்தான். சம்மன் முறையாகச் சேரவில்லை என்றால் மட்டும், தீர்ப்பு உங்களுக்குத் தெரிய வந்த நாளிலிருந்து அந்த 30 நாள்.

மூன்று, 2005ஆம் வருஷத்துக் குடும்ப வன்முறைச் சட்டம். இது மாஜிஸ்டிரேட் தருவது. இதற்கு 30 நாளுக்குள் செஷன்ஸ் நீதிமன்றத்தில் மேல்முறையீடு உண்டு.

மூன்று மாதம் இருக்கிறதென்று நினைத்து, 30 நாள் வாசலில் 60ஆம் நாள் போய் நிற்பவர்கள் இருக்கிறார்கள். அதனால்தான் முதல் வேலையாக இதைப் பார்க்கச் சொல்கிறேன். இனி நான் சொல்வது முதல் வாசலைப் பற்றி.

மூன்று மாதம் எப்போதிலிருந்து?

சட்டத்தின் எழுத்து, உத்தரவு தேதியிலிருந்து என்கிறது. உத்தரவே தெரியாதவனுக்கு அந்தத் தேதியிலிருந்து எண்ணினால் என்ன நியாயம் என்று கேட்டு, தெரிய வந்த நாளிலிருந்து எண்ணிய தீர்ப்புகளும் உண்டு. எழுத்துப்படியே எண்ணியவையும் உண்டு. வியாபாரி புத்தியில் எனக்குப் படுவது இதுதான்: கெடுவைக் குறைவாக எண்ணிக்கொண்டவனுக்கு நஷ்டம் வராது. உத்தரவு தேதியிலிருந்தே எண்ணுங்கள். அது ஏற்கனவே தாண்டிப் போயிருந்தால், தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவையும் சேர்த்துப் போட்டு, என்றைக்குத் தெரிந்தது, எப்படித் தெரிந்தது என்று நாள் தவறாமல் எழுதுங்கள்.

எங்கள் பையன் விஷயத்தில் உத்தரவு 2025 பிப்ரவரி 10. கெடு மே 10. அவன் என்னிடம் வந்தது ஏப்ரல் கடைசி. கையில் இருந்தது சுமார் இரண்டு வாரம். அந்த அம்மா இன்னும் ஒரு மாதம் பேசாமல் இருந்திருந்தால் கதை வேறு.

என்னென்ன செய்தோம்

முதல் நாள் வழக்கு எண்ணைக் கண்டுபிடித்தோம். ஒவ்வொரு வழக்குக்கும் 16 இடம் கொண்ட சி.என்.ஆர். எண் உண்டு. இ-கோர்ட்ஸ் செயலியில் அதைப் போட்டால் எந்த அறை, எந்தெந்தத் தேதியில் என்ன நடந்தது என்று கைபேசியிலேயே வந்துவிடும். எண் தெரியாவிட்டாலும் பெயரைப் போட்டுத் தேடலாம்.

அடுத்து நகல்களுக்கு மனு. உத்தரவின் சான்றிட்ட நகல் மட்டும் போதாது. ஆர்டர் ஷீட் நகலும், சம்மன் எப்படிச் சேர்ந்தது என்று அமீனா எழுதிய குறிப்பின் நகலும் வேண்டும். வாதம் முழுக்க அதில்தான் இருக்கிறது. யார் வாங்கினார்கள், எந்த விலாசம், கதவில் ஒட்டினார்களா, தபால் 'ஆள் இல்லை' என்று திரும்பியதா? இவை தெரியாமல் மனு எழுதினால், பிறகு பதிவேடு ஒன்று சொல்லும், நீங்கள் ஒன்று சொல்வீர்கள்.

மூன்றாவது, மனு. எந்த நீதிமன்றம் உத்தரவு போட்டதோ அதே நீதிமன்றத்தில்தான் போட வேண்டும். சட்டம் கேட்பது 'நல்ல காரணம்'. வெளியூர் வேலை, ஆஸ்பத்திரி, தவறான விலாசம் போன்றவை காரணமாகலாம், ஆதாரம் இருந்தால். இவனிடம் கம்பெனி வருகைப் பதிவு, கோவையில் அறை வாடகை ஒப்பந்தம் இருந்தன. அம்மா தனியாக ஒரு பிரமாணப் பத்திரம் கொடுத்தார்: வாங்கினேன், புரியவில்லை, மகனிடம் சொல்லவில்லை என்று. முதலில் இவன், "அம்மா வாங்கவே இல்லைன்னு சொல்லிடலாமா"ன்னு கேட்டான். கூடாது என்றேன். கையெழுத்து பதிவேட்டில் இருக்கிறது. பொய் ஒன்று கண்டுபிடிக்கப்பட்டால் மெய் ஒன்பதும் சேர்ந்து போகும்.

நான்காவது, வசூலை நிறுத்தி வைக்கக் கேட்கும் மனு. நீக்கக் கேட்டு மனுப் போட்டாலே உத்தரவு நின்றுவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். நிற்காது. தனியாகக் கேட்டு, நீதிமன்றம் சொன்னால்தான் நிற்கும். அப்போதும் சும்மா நிறுத்த மாட்டார்கள், நிலுவையில் ஒரு பகுதியைக் கட்டச் சொல்வார்கள்.

கட்டாவிட்டால் என்ன? வாரண்ட் போட்டு வசூலிக்கலாம். அப்படியும் வராவிட்டால், கட்டாத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை, அல்லது அதற்குள் கட்டினால் கட்டும் வரை, சிறை வைக்கலாம். சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது. பணம் பணமாகவே நிற்கும். வாரண்ட் கேட்கும் மனுவை, தொகை தர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் போட வேண்டும் என்று ஒரு நிபந்தனை உண்டு. ஆனால் அந்த ஒரு வருஷக் கெடு, பெண்ணின் உரிமையையே அழித்துவிடாது என்று 2013இல் பூங்கொடி - தங்கவேல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஒரு வருஷம் ஒளிந்திருந்தால் தப்பிக்கலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள்.

மறுபக்கம்

இவ்வளவும் அந்தப் பையன் பக்கம் நின்று எழுதியதாகத் தோன்றும். எங்கள் சமயத்தில் அநேகாந்தம் என்று ஒரு கோட்பாடு உண்டு. எந்தப் பொருளையும் ஒரே பக்கத்திலிருந்து பார்த்து முடிவு சொல்லாதே என்பது அதன் சாரம். நீலகேசி என்னும் சமண நூலில் அவள் ஒவ்வொரு எதிர்வாதியையும் தேடிப் போய், அவர் சொல்வதைக் கேட்டுத்தான் பதில் சொல்கிறாள். அதனால் மனுப் போடுவதற்கு முன்பு நான் அந்தப் பெண்ணின் அப்பா வீட்டுக்கும் போனேன். அவளுக்கும் நான் கல்யாணத்துக்கு வந்த பெரியவன்தானே.

மரியாதையாகக் காபி கொடுத்தாள். பிறகு சொன்னாள்: "அவர் ஜெயிலுக்குப் போகணும்னு எனக்கு ஆசையில்ல பெரியப்பா. நாலு வாய்தா லீவு போட்டுப் போய் உட்கார்ந்தேன். பேர் கூப்பிடுவாங்க, அந்தப் பக்கம் யாரும் எந்திரிக்க மாட்டாங்க. குழந்தை ஸ்கூல் பீஸுக்கு வளையலை வெச்சேன். இப்ப உத்தரவு வந்தப்புறம் தெரியாதுன்னா, நான் மறுபடி முதல்லேர்ந்து ஆரம்பிக்கணுமா?"

இதற்கு என்னிடம் நல்ல பதில் இல்லை. ஆனால் சட்டத்தில் கொஞ்சம் இருக்கிறது. ஒருதலை உத்தரவை நீக்கும்போது, எதிர்த்தரப்புக்குச் செலவுத் தொகை உள்பட நியாயமான நிபந்தனைகளை நீதிபதி விதிக்கலாம் என்று அந்தப் பிரிவிலேயே எழுதியிருக்கிறது. எனவே பெண் தரப்பு, "நீக்கக் கூடாது" என்று மட்டும் எதிர்த்துவிட்டு உட்காரக் கூடாது. "நீக்குவதானால் நிலுவையில் இவ்வளவு கட்டட்டும், வழக்கு முடியும்வரை மாதம் இவ்வளவு இடைக்கால ஜீவனாம்சம் தரட்டும்" என்று எழுதிக் கேட்க வேண்டும். இடைக்காலத் தொகை கேட்கும் மனுவை, நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் கூடியமட்டும் முடிக்க வேண்டும் என்பதும் சட்டத்தில் உள்ளது.

வழக்குப் போடும்போதே செய்ய வேண்டியதும் உண்டு. கணவர் வேலை பார்க்கும் ஊர் தெரிந்தால் அந்த விலாசத்தையும், கைபேசி, மின்னஞ்சலையும் சேர்த்துக் கொடுங்கள். தெரிந்த விலாசத்தை மறைத்து எக்ஸ்பார்ட்டி வாங்கினால், அந்த உத்தரவு நிற்காது. பிறகு அலைச்சல் உங்களுக்கே. வக்கீலுக்குக் காசில்லையே என்று தயங்க வேண்டாம். 1987ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டுக் கேட்கலாம். கர்நாடக மாநிலச் சட்டப் பணிகள் ஆணையமும் அதே நியாய தேகுலா கட்டடத்தில்தான் இருக்கிறது.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். குடும்ப நீதிமன்றத்தில் வக்கீல் வைப்பது உரிமை அல்ல, நீதிமன்றத்தின் அனுமதி. வக்கீல் இல்லாமல் நீங்களே நின்று பேசலாம். பயப்பட வேண்டியதில்லை.

நீதிமன்றம் மறுத்துவிட்டால்

மனு தள்ளுபடியானால், அல்லது உத்தரவே தவறு என்று நினைத்தால், குடும்ப நீதிமன்றச் சட்டம் 19ஆம் பிரிவின் 4ஆம் உட்பிரிவுப்படி உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடலாம். இது மேல்முறையீடு அல்ல. உத்தரவு சட்டப்படி சரியா, முறையாக வந்ததா என்று பார்ப்பது. கெடு 90 நாள். கர்நாடகத்தில் இதற்கு ஆர்.பி.எஃப்.சி. என்று எண் போடுவார்கள். விதான சௌதாவுக்கு எதிரே இருக்கிறதே சிவப்புக் கட்டடம், அட்டாரா கச்சேரி, அங்கேதான். குடும்ப நீதிமன்றம் இல்லாத ஊரில் மாஜிஸ்டிரேட் போட்ட உத்தரவென்றால் செஷன்ஸ் நீதிமன்றத்திலேயே சீராய்வு கேட்கலாம்.

வேலை போய்விட்டது, வருமானம் குறைந்தது, அல்லது விலைவாசி ஏறிவிட்டது என்று பின்னால் நிலைமை மாறினால், தொகையை மாற்றக் கேட்க இன்னொரு பிரிவு இருக்கிறது. பழைய 127, இப்போது 146. ஆணும் கேட்கலாம், பெண்ணும் கேட்கலாம். ஆனால் அது உத்தரவுக்குப் பின் வந்த மாற்றத்துக்கு. அன்றைக்கு வராமல் விட்ட வாதத்தை இந்த வாசல் வழியாகக் கொண்டு வர முடியாது.

கடைசியில் என்ன ஆயிற்று?

மே 6ஆம் தேதி மனுப் போட்டோம். கெடுவுக்கு நான்கு நாள் மிச்சம். ஜூனில் நீதிபதி உத்தரவை நீக்கினார், மூன்று நிபந்தனையோடு. வழக்குப் போட்ட 2024 ஆகஸ்டிலிருந்து ஏப்ரல் வரை ஒன்பது மாத நிலுவை 1,17,000 ரூபாய். அதில் பாதி 58,500ஐ ஒரு மாதத்துக்குள் கட்ட வேண்டும். செலவுத் தொகை 3,000. வழக்கு முடியும்வரை மாதம் 7,000.

நிலுவை ஏன் வழக்குப் போட்ட தேதியிலிருந்து? 2020 நவம்பர் 4ஆம் தேதி ரஜ்னேஷ் - நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் விதித்திருக்கிறது: எல்லா ஜீவனாம்சமும் மனுப் போட்ட நாளிலிருந்து. நாள் கடத்துகிறவனுக்கு லாபம் இல்லை. அதே தீர்ப்பில் இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன், செலவு எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகக் கொடுக்க வேண்டும் என்றும் சொன்னார்கள்.

அந்தப் பத்திரம் எழுதும்போதுதான் பையனுக்கு உறைத்தது. தன் சம்பளம், அறை வாடகை, அம்மாவுக்கு அனுப்புவது என்று எழுதிக்கொண்டே வந்தவன், குழந்தையின் செலவுக் கட்டத்தில் பேனாவை வைத்துவிட்டான். எந்த வகுப்பு படிக்கிறாள் என்றே தெரியவில்லை. என் கடையில் உட்கார்ந்துதான் எழுதினான். நான் ஒன்றும் சொல்லவில்லை. அன்று சாயங்காலம் அவனே மனைவிக்குப் போன் போட்டுக் கேட்டான். ஒன்றரை வருஷத்துக்குப் பிறகு அவர்கள் பேசியது அதுதான் முதல் முறை.

வழக்கை மத்தியஸ்தத்துக்கு அனுப்பினார்கள். பெங்களூர் மத்தியஸ்த மையம் 2007இல் ஆரம்பித்தது. ஐந்து அமர்வு. அக்டோபரில், தீபாவளிக்கு முன்பு, மாதம் 11,000, பள்ளிக் கட்டணம் நேரடியாக அப்பா கட்டுவது, மாதம் இரண்டு ஞாயிறு குழந்தை அப்பாவிடம் என்று எழுதிக் கையெழுத்தானது. மிச்ச நிலுவையை ஆறு தவணையில் கட்டுகிறான். அவர்கள் சேர்ந்து வாழவில்லை. வாழ்வார்களா என்று எனக்குத் தெரியாது.

கணக்குப் போட்டுப் பாருங்கள். மாதம் 13,000 என்ற ஒருதலை உத்தரவு, பள்ளிக் கட்டணத்தையும் சேர்த்தால் ஏறத்தாழ அதே இடத்துக்குத்தான் வந்து நின்றது. அப்படியென்றால் இவ்வளவு அலைந்தது எதற்கு என்று அவன் அம்மாவே கேட்டார். முன்பு போட்டது அவன் இல்லாமல் போட்ட கணக்கு, இப்போது அவனும் கையெழுத்துப் போட்ட கணக்கு. கையெழுத்துப் போட்ட கணக்கைத்தான் மனிதன் மனசார அடைப்பான். நாற்பது வருஷக் கடை அனுபவத்தில் நான் கண்டது இது. அந்தப் பெண்ணுக்கும் இப்போது வாரண்டுக்கு அலைய வேண்டியதில்லை. மாதம் ஐந்தாம் தேதி பணம் வந்துவிடுகிறது.

சிலப்பதிகாரத்தில் வழக்குரை காதை என்று ஒரு பகுதி உண்டு. இளங்கோவடிகளைச் சமணர் என்றே நாங்கள் போற்றுகிறோம். பொற்கொல்லன் ஒருவன் சொல்லை மட்டும் கேட்டுப் பாண்டியன் உத்தரவிட்டான். கோவலனைக் கூப்பிட்டுக் கேட்கவில்லை. பின்னால் கண்ணகி வந்து சிலம்பை உடைத்து, முத்து அல்ல மாணிக்கம் என்று காட்டியபோது அரசன் தன் தவறை ஒத்துக்கொண்டான். ஆனால் அந்த உத்தரவை நீக்கி வைக்க வழியில்லை, உயிர் போய்விட்டது. இன்றைய சட்டம் மூன்று மாதம் ஒரு கதவைத் திறந்து வைத்திருக்கிறது. அது மனைவி பிள்ளைக்குச் சோறு போடாமல் தப்பிக்கிற கதவு அல்ல. வந்து, முகம் காட்டி, கணக்குச் சொல்கிற கதவு.

அன்பர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றுதான். வீட்டுக்குக் கன்னடத்தில் ஒரு தாள் வந்தால் மறைக்காதீர்கள், மறுக்காதீர்கள். பக்கத்து வீட்டுக் கன்னட அன்பரிடம் கொண்டு போய்ப் படிக்கச் சொல்லுங்கள், சந்தோஷமாகப் படித்துச் சொல்வார். கன்னடம் படிக்கும் நம் பிள்ளைகளே இப்போது வீட்டுக்கு வீடு இருக்கிறார்கள். யாருக்குத் தாளோ அவரிடம் அன்றைக்கே சொல்லிவிடுங்கள். அந்த அம்மா இப்போது தபால் எது வந்தாலும் முதலில் மகனுக்குப் படம் எடுத்து அனுப்புகிறார். மின்சார பில்லைக்கூட.